யெசெனியாவுக்கு ஒரு மாமன்

முதல்லயே சொல்லிப்போடுறன். மெக்சிக்கோப் படம் எடிற் பண்ணுறன் எண்டவுடன ஆக்கள் நினைக்கிறது, ஒரு கிழவன் மலையைப் பாத்துக்கொண்டு பேசாம நிக்க, காத்துச் சத்தம் மட்டும் கேக்கிற படம். நான் வெட்டுறது அது இல்லை. நான் வெட்டுறது சனம் பாக்கிற படம். மாமியாருக்குப் பேய் பிடிக்கிற படம். மல்யுத்தக்காரன் முகமூடியைக் கழட்டாமலே கலியாணம் கட்டுற படம். ஓடுற பஸ்ஸுக்குள்ள ஆடு குட்டி போட, ட்ரைவர் மயங்கி விழ, பஸ்ஸில வந்த சேர்ச் பாதர் எழும்பி பஸ்ஸை ஓட்டுற படம். எனக்கு அதுகள் எண்டா உயிர். ஆரும் சிரிச்சா சிரிக்கட்டும், சிரிக்கத்தானே அதை எடுக்கிறது.

இது எனக்கு எப்பிடித் தொத்தினது எண்டா, எங்கட சேர்ச்சில ஞாயிற்றுக்கிழமை தமிழ்ப் பூசை முடிய ஸ்பானிஷ் பூசை. அம்மாவுக்குப் பூசை முடிஞ்சாலும் கதை முடியாது. வாசல்ல நிண்டு மன்னார்ச் செய்தி முழுக்கக் கேட்டுத்தான் வெளிக்கிடுவா. அதுக்குள்ள நான் ஸ்பானிஷ்காரப் பிள்ளையளோட கீழ் ஹோலுக்கு இறங்கிடுவன். அங்க அவையள் பெரிய ரீவி ஒண்டில படம் போட்டு விடுவினம். மேல பூசை, கீழ பேய். ஒரு சொல்லும் விளங்காம சிரிச்சுப் பழகி, பிறகு சிரிக்கிறதுக்காகவே பாஷை பழகி, ஹைஸ்கூலிலயும் அதையே எடுத்து, இப்ப எனக்குக் கனவே ஸ்பானிஷிலதான் வருது. தமிழில எனக்குப் பகிடி சொல்ல வராது. ஸ்பானிஷில நல்லாச் சொல்லுவன். ஆருக்குச் சொல்லுறது எண்டதுதான் பிரச்சினை.

லுப்பே எண்டு ஒரு பெட்டை. மெக்சிக்கோ சிற்றியில ஒரு சின்னப் படக் கம்பனியில, ஷூட்டிங் முடிஞ்சாப் பிறகு நடக்கிற வேலையெல்லாம் அவதான் பாக்கிறது. நான் சும்மா விளையாட்டா ஒரு பழைய பேய்ப்படத்துண்டை எடுத்து, பேய் வாற ஷொட்டைக் கொஞ்சம் பிந்த விட்டு வெட்டி இன்ரநெற்றில போட்டனான். அவ்வளவுதான் செய்தது. முந்திச் சிரிப்பு வராத இடத்தில சிரிப்பு வந்திட்டுது. அதைப் பாத்திட்டு லுப்பே எழுதினா.

"நீ எந்த ஊர்? வேராக்ரூஸோ?"

"ஸ்காபரோ."

"அது வடக்கிலயோ?"

"சரியான வடக்கில."

அது மெக்சிக்கோவே இல்லை, அதுக்கு மேல ரெண்டாவது நாடு எண்டதைப் பிறகுதான் சொன்னன். அப்பிடித்தான் தொடங்கினது. முதல் ட்ரெயிலர் தந்தாங்கள். பிறகு சத்தத்தையும் வாயசைவையும் பொருத்திற வேலை. பிறகு ஷொட் எல்லாத்தையும் பிரிச்சு அடுக்கி வைக்கிற வேலை. பிறகு பாட்டு. பிறகு சண்டை. போன வருஷக் கடைசியில லுப்பே எடுத்து, "முழுப்படம் ஒண்டு நீயே வெட்டுறியோ?" எண்டு கேட்டா. நான் ஓம் எண்டு சொல்லிப்போட்டு மைக்கை ம்யூட் பண்ணிப்போட்டு அறைக்குள்ள ஒருக்கா சுத்தி ஓடினன். ஓடுறதுக்கு இடமும் இல்லை, கட்டில்ல கால் அடிபட்டதுதான் மிச்சம்.

அறை எண்டது அஜின்கோர்ட்டில குணவதி அன்ரியின்ர பேஸ்மென்ற். நானாக் கேட்டு வந்த இடம். அம்மாவையள் மார்க்கம் எண்ட இடத்தில, அக்கா வீட்டில. அங்க அக்காவின்ர ரெண்டு குழந்தையள், அப்பா ட்ரக் ஓடிப்போட்டு வந்தா போடுற நியூஸ், அம்மாவின்ர போன், மிக்ஸி. ஒரு வசனம் ஒழுங்காக் கேக்கேலாது. சத்தமில்லாத இடம் வேணும் எண்டு நான்தான் அடம் பிடிச்சு வெளிக்கிட்டனான். கிடைச்சிட்டுது. நல்லாவே கிடைச்சிட்டுது. குணவதி அன்ரி நடக்கிறது மட்டும் மேல கேக்கும், அதுவும் அவ பகல்ல வேலைக்குப் போனா இல்லை.

பகிடிப் படம் வெட்டுறதில ஒரு கரைச்சல் இருக்கு. அழுகைப் படம் எண்டா தனிய இருந்து வெட்டலாம், உனக்கே அழுகை வரும். பகிடியை நாலு நாள் திருப்பித் திருப்பிப் பாத்தா அது பகிடியா இல்லையா எண்டு உன்னால சொல்லேலாது. அதுக்குப் பக்கத்தில ஒரு ஆள் வேணும். லிற்றரலி ஒரு ஆள், ஒண்டும் தெரியாத ஆளா இருந்தாலும் காணும். ஒருக்கா குணவதி அன்ரியைக் கூப்பிட்டுக் காட்டினன். முழுக்கப் பாத்திட்டுக் கேட்டா, "பிள்ளை, உவன் ஏன் ஆட்டோட கதைக்கிறான்?"

"அதுதான் அன்ரி பகிடி."

"ஓ," எண்டா. "குளிருதெண்டா ஹீற்றரைக் கூட்டிவிடு, என்ன," எண்டு சொல்லிப்போட்டு மேல போனா.

நிலாணி இருந்தா பரவாயில்லை. ஸ்கூல் முடியும் வரைக்கும் என்னோட சேர்ந்து சிரிச்ச ஒரே ஆள் அவள். கலியாணம் கட்டி கல்கரிக்குப் போயிட்டாள். வெட்டினதை இப்பவும் அவளுக்கு அனுப்புவன். ரெண்டு மூண்டு நாள் கழிச்சு போனில ஒரு பெருவிரல் படம் மட்டும் வரும்.

ஆனா மெக்சிக்கோவில ஒரு அறை இருந்தது. அதைப் பற்றித்தான் இந்தக் கதையே. லுப்பேயோட வீடியோக் கோலில கதைக்கேக்க பின்னால தெரியும். பச்சைப் பெயின்ற் அடிச்ச சுவர், ஒரு காத்தாடி, மூண்டு எடிற்றர்மார் பக்கம் பக்கமா இருப்பினம். மூண்டு பேரும் வேற வேற படம் வெட்டுவினம். ஆனா ஒருத்தர் சிரிச்சா மற்ற ரெண்டு பேரும் கதிரையை உருட்டிக்கொண்டு வந்து என்ன எண்டு பாப்பினம். பாத்திட்டு, "சீ, இது பகிடியோ," எண்டு ஏசுவினம். அதில பெப்பே எண்டு ஒருத்தர், பெரிய வயித்துக்காரர், ஆற்றையோ தோளில சாஞ்சு நிண்டு சிப்ஸ் சாப்பிட்டுக்கொண்டு, "ரெண்டு பிரேம் முந்தி வெட்டு," எண்டுவார். அந்தக் கதிரை உருளுற சத்தம் இருக்கே, எனக்கு அது கேட்டாலே போதும், நான் அங்க இல்லையே எண்டு அண்டைக்கு வேலை ஓடாது.

அந்த மூண்டு பேரில ஒருத்தர் மொண்டெர்ரே எண்ட வேற ஊருக்கு மாறிப் போறாராம். லுப்பே சொன்னா. "இடம் ஒண்டு காலியாகுது. முதலாளியிட்ட உன்ர பேரைச் சொல்லியிருக்கிறன். இந்தப் படம் சரியா வந்தா உன்னைக் கூப்பிடுவார். விசா எல்லாம் கம்பனி பாக்கும்."

"உண்மையாவோ?"

"படம் சரியா வந்தா எண்டு சொன்னனான்."

நான் அண்டைக்கே சூட்கேஸ் விலை பாத்தன். சரி, அதை விடுங்கோ.

படத்தின்ர கதை இதுதான். யெசெனியா எண்டு ஒரு பெட்டைக்குப் பதினைஞ்சு வயசு வருது. அங்க பதினைஞ்சு எண்டா எங்கட பெட்டையள் பெரியபிள்ளை ஆக வைக்கிற சாமத்தியவீடு மாதிரி, பெரிய கொண்டாட்டம், கலியாணச் சட்டை மாதிரி ஒரு பெரிய சட்டை, கிரீடம், பூசை, சாப்பாடு, டான்ஸ். தகப்பன் பஸ் ட்ரைவர். ஊர் முழுக்கச் சொல்லிப்போட்டார், ஆனா பாண்ட்காரருக்குச் சொல்ல மறந்து போனார். அண்டைக்கு முழுக்கப் பாண்ட்காரரைத் தேடி பஸ்ஸோட ஓடுறார், பஸ்ஸுக்குள்ள பயணியளும் இருக்கினம். கடைசியில ஓடி வந்து, வேர்த்து விறுவிறுத்து, மகளின்ர தட்டைச் செருப்பைக் கழட்டி ஹீல்ஸ் போட்டு விடுறார். அது அங்கத்தைச் சடங்கு. தகப்பன்தான் போடவேணும். அந்த இடத்தில சனம் அழவும் வேணும் சிரிக்கவும் வேணும்.

இயக்குநர் ரமீரோ அந்தக் கொண்டாட்டத்தை ஒரு சின்ன ஊரில வைச்சு, ஊர்ச்சனத்தையே கூப்பிட்டு நிப்பாட்டி எடுத்திருந்தார். மூண்டு கமரா. ஒரு கமரா சும்மா சனத்தைப் பாத்துக்கொண்டே நிண்டிருக்கு. எனக்கு வந்து சேர்ந்தது ஒரு மலையளவு ஷொட்.

இப்ப நான் எங்க வேலை பழகினனான் எண்டு சொல்லவேணும். ஜனார்த்தன் அண்ணையின்ர வீடியோக் கடையில. பிளாசாவுக்குப் பின்பக்கம், கேக் கடைக்கும் பல் டொக்டருக்கும் நடுவில. கலியாணம், சாமத்தியவீடு, முதல் நன்மை, எல்லாம் அங்கதான் வெட்டுப்படும். இப்பவும் சனிக்கிழமையில போறனான். அண்ணைக்கு ஒரே ஒரு சட்டம்தான்.

"பிள்ளை, பெட்டையின்ர முகம் தெரியாட்டியும் பிழையில்லை. மாமனைப் பிடி."

தாய்மாமன் தேங்காய் உடைச்சது, மாமன் பெட்டையைக் கூட்டிக்கொண்டு வந்தது, மாமன் பெட்டையின்ர தலையில பால் அறுகு வைச்சது, மாமன் சும்மா ஓரமா நிண்டு பாத்தது. எல்லாம் வரவேணும். முந்தி அங்க வேலை செய்த பெடியன் ஒருத்தன் ஒரு மாமனை ஒரேயொரு ஷொட்டில வைச்சு அனுப்பிப்போட்டான். மாமன்காரன் கடைக்கே வந்திட்டாராம். சத்தம் போடேல்லையாம். கதிரையை இழுத்துப்போட்டு இருந்து, "நான் எந்த இடத்தில வாறன் எண்டு காட்டுங்கோ தம்பி," எண்டாராம். அதுக்குப் பிறகு அந்தக் கடையில ஆரின்ர வீடியோவில எண்டாலும் மாமன் படம் முழுக்க வருவார்.

அதாலதான் வந்தது வினை. யெசெனியாவின்ர கொண்டாட்டத்தை வெட்டத் தொடங்கினவுடன என்ர கை தன்ரபாட்டில மாமனைத் தேடினது. சத்தியமா நான் யோசிக்கவே இல்லை. தாய் நிக்கிறா, தாய்க்குப் பக்கத்தில வைக்கோல் தொப்பியோட ஒரு மனுசன் நிக்கிறார். நல்ல வெள்ளை மீசை. கையைக் கட்டிக்கொண்டு, முகத்தில ஒண்டும் இல்லாம, ஆனா கவனமாப் பாத்துக்கொண்டு. தாயின்ர மூக்கு மாதிரி மூக்கு. சரி, இவர்தான் எண்டு விட்டன். கிரீடம் வைக்கேக்க அவரில ஒரு வெட்டு. கேக் வரேக்க ஒரு வெட்டு. தகப்பன் இன்னும் வரேல்லை எண்டு எல்லாரும் வாசலைப் பாக்கேக்க அவரில ஒரு வெட்டு. தகப்பன் ஓடி வந்து முழங்காலில இருந்து செருப்பைக் கழட்ட, தொப்பிக்காரர் மெல்லத் தொப்பியைக் கழட்டி நெஞ்சில வைக்கிறார். உண்மையா அப்பிடி ஒரு ஷொட் இருந்தது. நான் அதை நல்லா நீட்டி விட்டன். நானே கட்டின காட்சிக்கு நானே தனிய இருந்து மூக்குச் சிந்தினன்.

ரமீரோவுக்கு அனுப்பி ரெண்டு நாள் சத்தமில்லை. பிறகு கோல் வந்தது. அவர் சிரிக்கிற ஆள் இல்லை, பகிடிப்படம் எடுக்கிற ஆக்கள் கனபேர் அப்பிடித்தான்.

"ஜெனாட், அந்தத் தொப்பி போட்ட மனுசன் ஆர்?"

"அவர்தானே மாமா."

"எந்த மாமா?"

"யெசெனியாவின்ர அம்மாவின்ர தம்பி."

"ஸ்கிரிப்டில அவவுக்குத் தம்பி இல்லை."

"தம்பி இல்லாம எப்பிடி..." எண்டு தொடங்கிப்போட்டு நிப்பாட்டிட்டன். அப்பத்தான் எனக்கு விளங்கினது.

"அந்த ஆள் கதிரை வாடகைக்கு விடுறவர்," எண்டார் ரமீரோ. "கதிரை இறக்க வந்தவர், ஷூட்டிங் பாத்துக்கொண்டு நிண்டிருக்கிறார். அவ்வளவுதான். நீ அவரை இத்தினை தரம் காட்டினா சனம் என்ன நினைக்கும் சொல்லு? எப்ப துவக்கை எடுத்துச் சுடப்போறார் எண்டு பாத்துக்கொண்டிருக்கும். எடுத்துவிடு அவரை."

"ஓம், எடுத்துவிடுறன்."

"முழுக்க."

வைச்சவுடன லுப்பேயின்ர வொய்ஸ் மெசேஜ். "அடியே, என்ன செய்து வைச்சிருக்கிறாய்? முதலாளி வெள்ளிக்கிழமை படம் பாக்கிறார். ரமீரோ சொன்னதைச் செய். உனக்கு அந்த அறை வேணுமெல்லோ?"

வேணும். எனக்கு வேற ஒண்டும் வேண்டாம், அது மட்டும் வேணும். அதால எடுத்தன். எல்லா இடத்திலயும் இருந்து அவரைப் பிடுங்கி எடுத்தன். கிரீடத்தில தாயைப் போட்டன். கேக்கில சின்னப் பிள்ளையளைப் போட்டன். செருப்புக் காட்சியில ஒருத்தரும் இல்லாம தகப்பன், மகள், தகப்பன், மகள். சுத்தமா, பிழையே இல்லாம இருந்தது. போட்டுப் பாத்தா செத்த வீடு மாதிரிக் கிடந்தது. தகப்பன் அழுறார், அழுறதை ஒருத்தரும் பாக்கேல்லை. ஒருத்தரும் பாக்காத அழுகை எப்பிடி இருக்கும் எண்டு எனக்குத் தெரியும், அது படத்துக்கு உதவாது. வேற முகங்களைப் போட்டுப் பாத்தன். பாட்டி, பாதர், பாண்ட்காரன். எல்லாரும் நடிக்கிறமாதிரி இருந்திச்சினம், ஏனெண்டா அவையள் நடிக்கினம்தானே. தொப்பிக்காரர் மட்டும்தான் உண்மையாப் பாத்துக்கொண்டு நிண்டவர்.

வியாழக்கிழமை தொப்பி இல்லாத படத்தை ரமீரோவுக்கு அனுப்பினன். அனுப்பிப்போட்டு எழும்பி, போய் முகம் கழுவி, திரும்பி வந்து லுப்பேக்கு மற்றதை அனுப்பினன். தொப்பி இருக்கிறதை.

"ரமீரோவுக்குக் காட்டாத," எண்டு எழுதினன். "அறையில சும்மா போடு. பெப்பே பாக்கட்டும். நீ வீடியோக் கோலை மட்டும் போட்டு விடு, நான் சத்தம் கேக்கவேணும்."

"பிடிபட்டா உன்ர பேர் போகும். என்ர பேரும் போகும்."

"தெரியும்."

பிறகு கோல் வந்தது. போனைச் சுவரில சாத்தி வைச்சிட்டா. எனக்குத் தெரிஞ்சது பச்சைச் சுவரும், மூண்டு பேரின்ர முதுகும். ஸ்கிரீன் தெரியாது. அது நல்லதாப் போச்சு. நான் என்ர பக்கத்தில ம்யூட் பண்ணிப்போட்டு முதுகுகளைப் பாத்துக்கொண்டிருந்தன்.

கிரீடம் வைக்கிற மியூசிக் கேட்டது. ஒண்டும் இல்லை. கேக் வந்தது. பெப்பேயின்ர தோள் கொஞ்சம் ஆடினது. தகப்பன் இன்னும் வரேல்லை, வாசலைப் பாக்கினம், அதில பெப்பே, "அங்க பார், மாமன்காரன் கொல்லப் போறான் அத்தானை," எண்டார். மாமன் எண்டு அவராத்தான் சொன்னவர். ஒருத்தரும் சொல்லிக்குடுக்கேல்லை. மற்றவன் சிரிச்சான். மூண்டு பேரும் சிரிச்சினம். பிறகு செருப்பு. சிரிப்பு நிண்டிட்டுது. தொப்பியைக் கழட்டுற இடத்தில ஒருத்தர் மூக்கை உறிஞ்சினது எனக்கு இஞ்ச அஜின்கோர்ட்டில கேட்டது.

என்ர வெட்டுக்கு ஆக்கள் சிரிச்சு நான் கேட்டது அதுதான் முதல் தரம். ரெண்டு வருஷ வேலை, அதுதான் முதல் தரம்.

அந்த நேரம் பாத்து முதலாளி கதவைத் திறந்தார். முதுகுகள் எல்லாம் நிமிர்ந்தது. லுப்பே என்னவோ சொல்லத் தொடங்க, அவர் கையைக் காட்டி, திருப்பிப் போடச் சொன்னார். நிண்டபடி பாத்தார். முடிய ஒரே ஒரு கேள்விதான் கேட்டார்.

"உந்த மாமன் கடைசியில என்ன செய்யிறார்?"

"ஒண்டும் செய்யேல்லை," எண்டா லுப்பே.

"அப்ப ஏதாவது செய்யச் சொல்லுங்கோ."

இவ்வளவுதான். ரமீரோ என்னோட ஒரு கிழமை கதைக்கேல்லை. ஆனா போய், கதிரைக்காரரைத் தேடிப் பிடிச்சு, ஒரு நாள் ஷூட்டிங் வைச்சார். மனுசனின்ர பேர் செலெடோனியோ. வசனம் தந்தா சொல்லமாட்டன் எண்டிட்டாராம், அதால கடைசியில தகப்பன் கட்டிப்பிடிக்க வர, இவர் கட்டிப்பிடிக்காம ஒரு கதிரையை விரிச்சு வைச்சு, இருங்கோ எண்டு கையைக் காட்டுறமாதிரி எடுத்து அனுப்பினார். நான் அதை ஒரு வெட்டும் இல்லாம அப்பிடியே விட்டன்.

படத்தை அந்த ஊரிலயே ஒரு ஹோலில முதல் போட்டுக் காட்டினவை. லுப்பே போனில பிடிச்சு அனுப்பினா. நான் ஷெப்பேர்ட் ரோட்டு பஸ்ஸில இருந்து பாத்தன். ஸ்கிரீன் வடிவாத் தெரியேல்லை, தலையள்தான் தெரிஞ்சது. ஆனா தொப்பி வாற ஒவ்வொரு தரமும் முழு ஹோலும், "செலெடோனியோ..." எண்டு இழுத்துக் கத்துது. கதிரை விரிக்கிற இடத்தில போன் ஆடிப்போச்சு, லுப்பேயும் சிரிக்கிறா. நான் பஸ்ஸுக்குள்ள வாய் விட்டுச் சிரிச்சன். ஒருத்தரும் திரும்பிப் பாக்கேல்லை, எல்லாற்ற காதிலயும் ஏதோ இருந்தது. கடைசியில பேர் ஓடுற நேரம், எடிற்றிங் ஜெனாட் நீக்கிலாப்பிள்ளை எண்டு வாற நேரம், சனம் எழும்பிட்டுது. செலெடோனியோ ஏற்கனவே கதிரையை மடிச்சு அடுக்கத் தொடங்கிட்டார். அவற்ற கதிரையள்தானே.

ஜனார்த்தன் அண்ணைக்குக் காட்டினன். தொப்பிக்காரரைப் பாத்து, "மாமனை நல்லாப் பிடிச்சிருக்கிறாய்," எண்டார். அவருக்கு அதில ஒரு அதிசயமும் தெரியேல்லை. "மெக்சிக்கோக்காரி, அப்ப எங்களை விட்டிட்டுப் போப்போறாய்."

"கூப்பிட்டா."

"கூப்பிடாம? உன்ர சனிக்கிழமைக்கு நான் ஆளைத் தேடத் தொடங்கவேணும்."

முதலாளி நேரில கோல் எடுத்தார். நான் தலை இழுத்துச் சீவி, நல்ல சட்டை போட்டு, பின்னால தெரியிற தண்ணி ஹீற்றரைத் துணியால மூடி வைச்சிட்டு இருந்தன். அவர் நல்ல சந்தோசமா இருந்தார். பிள்ளை, மகள் எண்டெல்லாம் சொன்னார்.

"அந்த மாமனை எங்களில ஒருத்தரும் கண்டிருக்க மாட்டம்," எண்டார். "ரமீரோ காணேல்லை. பெப்பே எத்தினை வருஷமா வெட்டுறான், அவனும் கண்டிருக்க மாட்டான். ஏன் தெரியுமோ? நாங்கள் இஞ்ச இருக்கிறம். நீ அங்க தூர இருந்து பாக்கிறாய். அதுதான் உன்ர கெட்டித்தனம். இஞ்ச வந்தா ஆறு மாசத்தில நீயும் எங்களை மாதிரி ஆகிடுவாய். அதால நீ அங்கயே இரு. அடுத்த படமும் உனக்குத்தான், அதுக்கடுத்ததும் உனக்குத்தான்."

நான் தலையாட்டினன்.

"அப்ப அந்த இடம்," எண்டு கேட்டன்.

"எந்த இடம்? ஓ, அதோ. அதுக்கு என்ர தங்கச்சியின்ர மகன் வாறான். வேலை ஒண்டும் தெரியாது, பழகுவான். தங்கச்சி கேட்டா நான் என்ன சொல்லுறது."

தாய்மாமன் எண்டா அப்பிடித்தானே இருக்கவேணும்.

அம்மாவுக்குச் சொன்னன். "நல்லதாப் போச்சு," எண்டா. "அங்க ஆக்களைக் கடத்துவாங்களாம். வீட்டில இருந்தே வேலை, குளிருக்குள்ள பஸ் பாத்து நிக்கத் தேவையில்லை, முதலாளியும் நல்லவரா இருக்கிறார். உனக்கு இனி என்ன குறை?" பின்னால குழந்தை ஒண்டு கத்தினது, மற்றது எதையோ போட்டு உடைச்சது, அம்மா பிறகு எடுக்கிறன் எண்டு வைச்சிட்டா.

அடுத்த படம் வந்தது. பேய்ப்படம். நல்ல பேய், சமைக்கத் தெரிஞ்ச பேய். முதல் கிழமை நான் ஒண்டும் வெட்டேல்லை. ஷொட்டைத் திறக்கிறது, பாக்கிறது, மூடுறது. லுப்பே கேட்டா, "என்ன, சுகமில்லையோ?"

"லுப்பே, ஒரு உதவி செய்வியோ? பழைய லப்ரொப் ஏதும் இருந்தா, அறையில ஒரு மூலையில வைச்சு, என்னைக் கோலில போட்டு விடு. பகல் முழுக்க. நான் ஒருத்தரோடயும் கதைக்கமாட்டன். எனக்குச் சத்தம் மட்டும் காணும். நான் ஏதும் சிரிப்பா வெட்டினா உங்களுக்குக் காட்டுறன்."

சொல்லி முடிய எனக்கே வெக்கமாப் போச்சு.

"ஓம், அதுக்கென்ன," எண்டா. "செய்யலாம்."

உண்மையாவே செய்தா. புதுசா வந்த முதலாளியின்ர மருமகனுக்குப் பக்கத்து மேசையில என்னை வைச்சா. முதல் நாள் எல்லாரும் ஒவ்வொருத்தரா வந்து லப்ரொப்புக்குள்ள குனிஞ்சு வணக்கம் சொல்லிச்சினம், பெப்பே சிப்ஸை ஸ்கிரீனுக்குக் கிட்ட நீட்டி, "எடு, எடு," எண்டார். மருமகன் வெக்கப்பட்டான், நல்ல பெடியன், உண்மையாவே ஒண்டும் தெரியாது. கதிரையள் உருண்டுது. ஒருத்தர் சிரிச்சார், எல்லாரும் ஓடினாங்கள், எனக்கு என்ன எண்டு தெரியேல்லை, ஆனா நானும் சிரிச்சன். அண்டைக்கு நான் பேயின்ர முதல் காட்சியை முழுக்க வெட்டி முடிச்சன்.

ரெண்டாம் கிழமை பெப்பே தன்ர ஜக்கெற்றைக் கழட்டி என்னில போட்டிட்டார். வேணுமெண்டு இல்லை, லப்ரொப் அதில இருக்கிறதை மறந்து போனார். எனக்குத் துணியின்ர கறுப்பும், துணிக்குள்ளால வாற சத்தமும். நான் சொல்லேல்லை. சத்தம் கேட்டதுதானே.

நேற்று அவங்கள் மத்தியானச் சாப்பாட்டுக்குப் போற நேரம், அங்க ரெண்டு மணி, இஞ்ச நாலு மணி. நேற்றும் என்னில கிடந்த ஜக்கெற்றை இழுத்து எடுத்தாங்கள், வெளிச்சம் வந்தது, யன்னலுக்குத் துணி போட்ட அறைதானே, ஆரோ லைட்டை நிப்பாட்ட, வெளிச்சம் போச்சு. கதவு சாத்தின சத்தம். படியில கதைச்சுக்கொண்டு இறங்கிப்போற சத்தம். பிறகு காத்தாடி மட்டும். ரோட்டில ஆரோ என்னவோ வித்துக்கொண்டு போறார், ஒரு விசில் நீளமா ஊதி ஊதித் தேயுது. இருட்டில ஸ்கிரீனுகளின்ர சின்னச் சின்ன லைட்டுகள் தெரிஞ்சது. கோலை வெட்டியிருக்கலாம். வெட்டேல்லை. நான் போய்ச் சோத்தையும் மீன்குழம்பையும் சூடாக்கிக் கொண்டு வந்து, அந்த அறைக்கு முன்னால இருந்து சாப்பிடத் தொடங்கினன்.

பாதிச் சாப்பாட்டில கதவு திறந்தது. பெப்பே. எதையோ விட்டிட்டுப் போயிருக்கிறார், மேசையில தடவித் தேடினார், போன் கிடைச்சது, திரும்பேக்க என்னைக் கண்டார். நான் கையைக் குழம்புக்குள்ள வைச்சபடி இருந்தன்.

"நீ இன்னும் இருக்கிறியோ?"

"ஓம்."

"நாங்கள் நினைச்சம் நீ வெட்டிப்போட்டாய் எண்டு." ஸ்கிரீனுக்குக் கிட்டக் குனிஞ்சார். "அது என்ன, மீனோ?"

"மீன்."

"ம். நல்லாச் சாப்பிடு."

கதவடிக்குப் போனவர், சுவரில கையை வைச்சு, எனக்காக லைட்டைப் போட்டு விட்டிட்டுப் போனார்.